அந்த அறிக்கை அவருடைய அமானிதம்

 

நம் இல்லங்கள் பலவற்றில், ஒரு பெண்ணின் பெயர் எழுதப்பட்டிருந்தும் அந்தப் பெண்ணின் கைக்கு வராத உறை ஒன்று உண்டு. அது மார்பகப் பரிசோதனை அறிக்கை. மகன் ஸ்கேன் மையத்திலிருந்து அதை வாங்கி வருகிறார். வாசலில் நின்றே பிரித்துப் பார்க்கிறார். ஆங்கிலத்தில் உள்ள மருத்துவச் சொற்கள் விளங்கவில்லை. படம் எடுத்து வளைகுடாவிலிருக்கும் வாப்பாவுக்கு வாட்ஸ்அப்பில் அனுப்புகிறார். அவர் தம் அறையில் உடன் தங்கியிருப்பவரிடம் காட்டுகிறார். மருந்துக் கடை வைத்திருக்கும் மச்சானுக்கும், மருத்துவம் படிக்கும் உறவுக்காரப் பிள்ளைக்கும் அது போய்ச் சேர்கிறது. பத்துப் பேர் பார்த்துவிடுகிறார்கள். பார்க்காதவர் ஒருவரே: எவருடைய உடலைப் பற்றி அது பேசுகிறதோ, அந்தப் பெண். அவருக்குச் சொல்லப்படுவதெல்லாம், "ஒண்ணுமில்ல உம்மா, கொழுப்புக் கட்டியாம்" என்ற ஒற்றை வரிதான்.

இதற்கு நாம் சூட்டியிருக்கும் பெயர் அன்பு. ஒருவருக்குரியதை அவரிடம் ஒப்படைக்காமல் வைத்துக்கொள்வதற்கு மார்க்கம் சூட்டியிருக்கும் பெயர் வேறு. அமானிதங்களை உரியவரிடம் சேர்ப்பியுங்கள் என்பது இறைவனின் கட்டளை. பணமும் நகையும் மட்டும்தான் அமானிதம் என்று எவரும் நமக்குக் கற்றுத் தரவில்லை. ஒரு பெண்ணின் உடலைப் பற்றிய செய்தி முதலில் அந்தப் பெண்ணின் உடைமை. அதை வாங்கி வந்தவர் அதன் உரிமையாளர் ஆகிவிட மாட்டார்.

மறைப்பு எதிலிருந்து பிறக்கிறது? அறிக்கையை நாம் ஒரு மரணத் தீர்ப்பாக எண்ணுகிறோம். தீர்ப்பு என்று எண்ணுவதால் அஞ்சுகிறோம், அஞ்சுவதால் ஒளிக்கிறோம், ஒளிப்பதால் அடுத்த அடியை எடுத்து வைக்காமல் நாள்களைக் கழிக்கிறோம். உண்மையில் அந்த அறிக்கை தீர்ப்பே அன்று. அடுத்து என்ன செய்ய வேண்டும் என்று சொல்லும் ஒரு குறிப்பு அது.

தாமதத்தின் விலை

உலகச் சுகாதார அமைப்பின் கணக்கின்படி 2022ஆம் ஆண்டில் உலகெங்கும் ஏறத்தாழ 23 லட்சம் பெண்களுக்கு மார்பகப் புற்றுநோய் கண்டறியப்பட்டது. 6,70,000 பேர் அதனால் இறந்தனர். இந்தியாவில் அதே ஆண்டில் புதிதாகக் கண்டறியப்பட்டோர் ஏறத்தாழ 1,92,000. இறந்தோர் ஏறத்தாழ 98,000. இந்தியப் பெண்களிடையே மிகுதியாகக் காணப்படும் புற்றுநோய் இதுவே. இந்நாட்டில் கண்டறியப்படுவோரில் பெரும்பகுதியினர் நோய் முற்றிய பிறகே மருத்துவமனையின் வாசலை மிதிக்கின்றனர்.

அமெரிக்கப் புள்ளிவிவரத்தைப் பாருங்கள். நோய் மார்பகத்துக்குள் மட்டும் இருக்கும்போதே கண்டறியப்பட்டால், ஐந்தாண்டுகள் கடந்தும் உயிருடன் இருப்போர் 99 விழுக்காட்டுக்கும் மேல். நோய் எலும்புக்கோ நுரையீரலுக்கோ கல்லீரலுக்கோ பரவிய பின் கண்டறியப்பட்டால், அது ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்காகச் சுருங்கிவிடுகிறது. இவ்விரண்டு எண்களுக்கும் இடையே கிடப்பவற்றுள் காலமும் ஒன்று. பீரோவுக்குள் துணிகளுக்கு அடியில் அறிக்கையை ஒளித்து வைத்தவர் ஒளித்து வைத்தது அந்தக் காலத்தைத்தான்.

அறிக்கையை வாசிப்பது எப்படி?

மேமோகிராம், அல்ட்ராசவுண்ட், எம்ஆர்ஐ ஆகிய மூன்றில் எதை எடுத்திருந்தாலும், பெரும்பாலான அறிக்கைகளின் இறுதியில் "பைராட்ஸ்" என்ற சொல்லும் அதனருகே ஓர் எண்ணும் இருக்கும். அமெரிக்கக் கதிரியக்க மருத்துவக் கல்லூரி 1993இல் வெளியிட்ட பொது முறை இது. ஒரு மருத்துவர் "சற்றே ஐயம்" என்றும் இன்னொருவர் "கவனிக்கத் தக்கது" என்றும் ஆளுக்கொரு விதமாக எழுதியதால் விளைந்த குழப்பத்தை நீக்கவே இந்த எண்கள் வந்தன. 0 முதல் 6 வரை ஏழு வகைகள் உள்ளன.

0 என்றால் பரிசோதனை முழுமையடையவில்லை என்று பொருள். வேறு கோணத்தில் இன்னொரு படமோ, அல்ட்ராசவுண்டோ, ஒப்பிட்டுப் பார்க்கப் பழைய படமோ தேவைப்படுகிறது. சுழியம் என்பதால் "ஒன்றுமில்லை" என்று எடுத்துக்கொண்டு வீட்டில் இருந்துவிடுகிறவர்கள் உண்டு. "திரும்பவும் வரச் சொல்லிவிட்டார்களே" என்று அன்றே அழத் தொடங்குகிறவர்களும் உண்டு. இரு சாராரும் தவறாகவே வாசித்தார்கள். அமெரிக்காவில் அறிகுறி எதுவும் இல்லாத 1,000 பெண்கள் மேமோகிராம் எடுத்துக்கொண்டால், சுமார் 100 பேர் கூடுதல் படங்களுக்காகத் திரும்ப அழைக்கப்படுகிறார்கள். முடிவில் புற்றுநோய் உறுதியாவது சுமார் 5 பேருக்கே. திரும்ப அழைக்கப்பட்டவர்களில் மிகப் பெரும்பாலோர் நிம்மதியோடு வீடு திரும்பினார்கள். அழைத்தும் போகாதவருக்குத்தான் அந்த நிம்மதியும் இல்லை, மருந்தும் இல்லை.

1 என்றால் ஐயத்துக்குரிய எதுவும் காணப்படவில்லை. 2 என்றால் ஏதோ ஒன்று தெரிகிறது; ஆனால் அது தீங்கற்றது. நீர்க்கட்டியாகவோ, நாளடைவில் சுண்ணாம்பு படிந்துபோன பழைய நார்க்கட்டியாகவோ அது இருக்கலாம்.

3 என்றால் தீங்கற்றதாக இருக்கவே பெரிதும் வாய்ப்பு. புற்றுநோயாக இருக்கும் வாய்ப்பு 2 விழுக்காட்டுக்கு மிகாது. வழக்கமாக ஆறு மாதம் கழித்து மறுபடி பார்க்கச் சொல்வார்கள். அதன்பின் ஓராண்டு, இரண்டாண்டு என்று கவனித்து, மாற்றமில்லை எனில் விட்டுவிடுவார்கள். அந்த ஆறு மாதம்தான் நம் வீடுகளில் காணாமல் போகிறது. இடையில் ஒரு நிக்காஹ் வரும், ரமளான் வரும், உம்ராப் பயணம் வரும். எல்லா நாள்களையும் நாட்காட்டியில் வட்டமிடுகிறோம், உம்மாவின் மறுபரிசோதனை நாளைத் தவிர.

4 என்றால் ஐயத்துக்குரியது; ஊசி மூலம் திசு எடுத்துப் பார்க்க வேண்டும். இது மிக அகன்ற வகை என்பதால் மூன்றாகப் பிரிக்கிறார்கள். 4ஏ என்றால் புற்றுநோயாக இருக்கும் வாய்ப்பு 2க்கு மேல் 10 விழுக்காடு வரை. 4பி என்றால் 10க்கு மேல் 50 வரை. 4சி என்றால் 50க்கு மேல் 95க்குள். 5 என்றால் வாய்ப்பு 95 விழுக்காடும் அதற்கு மேலும். 6 என்பது, திசுப் பரிசோதனையில் ஏற்கெனவே புற்றுநோய் உறுதியான ஒருவருக்கு, சிகிச்சைக்கு முன்போ இடையிலோ எடுக்கும் படத்துக்கான எண்.

நான்காம் வகை வேறு, நான்காம் நிலை வேறு

நம் குடும்பங்களில் மிகுந்த அழிவை ஏற்படுத்தும் குழப்பம் இங்கேதான் இருக்கிறது. அறிக்கையில் "4" என்று கண்டதும், "நாலாவது ஸ்டேஜாம்" என்று செய்தி பரவுகிறது. தெரு முழுவதும் துஆச் செய்யத் தொடங்கிவிடுகிறது. "இனிமேல் எதற்கு வீணாக ஊசி, கத்தி? இருக்கிற நாளை நிம்மதியாக இருக்கட்டும்" என்று பெரியவர்கள் கூடி முடிவெடுத்துவிடுகிறார்கள்.

பைராட்ஸ் எண் என்பது, படத்தைப் பார்த்த மருத்துவருக்கு எவ்வளவு ஐயம் இருக்கிறது என்பதன் அளவு. நோயின் நிலை என்பது, புற்றுநோய் என்று உறுதியான பிறகு, கட்டி எவ்வளவு பெரியது, அக்குளிலுள்ள நிணநீர் முடிச்சுகளுக்குச் சென்றுவிட்டதா, உடலின் வேறு உறுப்புகளுக்குப் பரவிவிட்டதா என்றெல்லாம் ஆராய்ந்து சொல்லப்படுவது. முதலாவது ஐயத்தின் அளவு. இரண்டாவது நோயின் பரப்பு. திசுப் பரிசோதனையே நடக்காத ஒருவருக்கு, மேமோகிராம் எண்ணை வைத்து நிலையைச் சொல்ல எவராலும் இயலாது. 4ஏ வகையில் வந்த பத்துப் பெண்களில் குறைந்தது ஒன்பது பேருக்குப் புற்றுநோயே இருக்காது. அவர்களுள் ஒருவரைத்தான் நாம் உயிரோடிருக்கும்போதே ஜனாஸாவாகப் பார்க்கத் தொடங்கிவிடுகிறோம்.

இதற்கு நேரெதிரான தவறும் உண்டு. "மேமோகிராமில் எதுவும் இல்லை என்று வந்துவிட்டது" என்று சொல்லி, கையில் தட்டுப்படும் கட்டியையே மறந்துவிடுவது. மேமோகிராம் ஏறத்தாழ எட்டுப் புற்றுநோய்களில் ஒன்றைத் தவறவிடுகிறது. மார்பகத் திசு அடர்த்தியாக இருந்தால் தவறவிடும் வாய்ப்பு இன்னும் மிகுதி. ஏனெனில் அடர்ந்த திசுவும் படத்தில் வெண்மையாகத் தெரியும், கட்டியும் வெண்மையாகத் தெரியும். அறிக்கையில் ஏ, பி, சி, டி என்ற நான்கு எழுத்துகளில் ஒன்றைக் கொண்டு அடர்த்தியைக் குறித்திருப்பார்கள். சி, டி இரண்டும் அடர்த்தி மிக்கவை. வயது குறைந்த பெண்களுக்கு அடர்த்தி இயல்பாகவே மிகுதி. ஆகவே கட்டி ஒன்று தட்டுப்பட்டால், மருத்துவர் கையால் பரிசோதிப்பது, படம் எடுப்பது, தேவையெனில் ஊசியால் திசு எடுப்பது ஆகிய மூன்றும் ஒத்துப்போக வேண்டும். மூன்றில் ஒன்று மாறுபட்டாலும் மேலும் ஆராய வேண்டும். வலி இல்லை என்பது ஆறுதலுக்குரிய காரணம் அன்று. புற்றுநோய்க் கட்டி தொடக்கத்தில் பெரும்பாலும் வலிப்பதில்லை. பாலூட்டும் தாயின் மார்பில் "பால் கட்டியிருக்கிறது" என்று சொல்லப்படும் கட்டி, இரண்டு வாரத்தில் கரையவில்லை எனில் அதையும் மருத்துவரிடம் காட்டியே ஆக வேண்டும்.

மறைப்பவர்கள் சொல்லும் காரணங்கள்

"தெரிந்தால் மனம் உடைந்துபோவார்" என்பது முதல் காரணம். நம் உம்மாக்களை நாம் இவ்வளவுதானா அறிந்திருக்கிறோம்? பிரசவ வேதனையைத் தாங்கியவர்கள், கணவர் கடல் கடந்து போன ஆண்டுகளில் தனியாகக் குடும்பத்தை நடத்தியவர்கள், பெற்ற பிள்ளையைக் கபுருக்கு அனுப்பிவிட்டுப் பொறுமை காத்தவர்கள் அவர்கள். அவர்களுக்கு இரண்டு பக்க அறிக்கையைத் தாங்கும் வலிமை இல்லை என்று யார் தீர்மானித்தது? உண்மையில் மனம் உடைவது எப்போது? கீமோ மருந்து ஏறி, தலைமுடி கொட்டத் தொடங்கிய பின், எல்லோருக்கும் தெரிந்திருந்தது தமக்கு மட்டும் தெரியாது என்று அவர் உணரும் அந்த நாளில். அவருடைய வஸிய்யத், அவர் விட்ட தொழுகை நோன்புகளின் களா, தீர்க்க வேண்டிய கடன், மன்னிப்புக் கேட்க வேண்டிய மனிதர் ஆகிய அனைத்தும் அவருடைய பொறுப்புகள். அவற்றை நிறைவேற்றும் வாய்ப்பையும் நாம் அவருக்குத் தெரியாமல் பறிக்கிறோம்.

"பெண் பிள்ளைகளுக்கு மாப்பிள்ளை அமையாது" என்பது இரண்டாவது காரணம். இதை வெளிப்படையாகச் சொல்லக் கூசுவார்கள். ஆனால் பெரும்பாலும் உள்ளே இருப்பது இதுதான். மார்பகப் புற்றுநோய்களில் பரம்பரை மரபணுக் கோளாற்றால் வருபவை 5 முதல் 10 விழுக்காடு மட்டுமே. எஞ்சிய மிகப் பெரும்பான்மையான நிகழ்வுகளில் தாயின் நோயை மகளின் தலைவிதியாக்குவது வெறும் அறியாமை. சரி, அந்த 5 முதல் 10 விழுக்காட்டில் ஒரு குடும்பம் இருப்பதாகவே வைத்துக்கொள்வோம். அப்போது தாயின் நோயை அறிய வேண்டிய தேவை வேறு எவரையும்விட அந்த மகளுக்குத்தானே மிகுதி? இள வயதிலேயே கவனிப்பைத் தொடங்க வேண்டிய பெண்ணிடம், தாய் எதனால் மவுத்தானார் என்பதையே மறைத்து, நல்ல சம்பந்தம் பேசி அனுப்பி வைக்கிறோம். இதில் அந்த மகளுக்கு நாம் செய்த நன்மை என்ன? பெண் பார்க்க வந்த இடத்தில் தாயின் நோயைக் குறையாகப் பேசுகிற மாப்பிள்ளை வீட்டாரும் இந்தப் பாவத்தில் பங்காளிகளே.

"ஹயா இருக்கிறதே, ஆண் மருத்துவரிடம் எப்படிக் காட்டுவது?" என்பது மூன்றாவது. ஹயா ஈமானின் ஒரு கிளை. அதில் எவருக்கும் ஐயமில்லை. ஆனால் வெட்கத்தை மார்க்கமாகவும், மார்க்கத்தை மரணத்துக்குக் காரணமாகவும் ஆக்கும் உரிமை நமக்கு இல்லை. பெண் மருத்துவர் கிடைக்கும்போது அவரிடமே செல்ல வேண்டும். கிடைக்காதபோது தேவையான அளவுக்கு ஆண் மருத்துவர் பார்ப்பதை ஷாஃபிஈ, ஹனஃபி இரு மத்ஹபுகளின் ஃபிக்ஹு நூல்களும் அனுமதிக்கின்றன. நபி (ஸல்) அவர்களுடன் போர்க்களங்களுக்குச் சென்று காயமுற்றோருக்குத் தண்ணீர் புகட்டி மருந்திட்டவர்களுள் ருபைய்யிஉ பின்த் முஅவ்வித் (ரலி) அவர்களும் ஒருவர். காயமுற்ற ஸஅத் பின் முஆத் (ரலி) அவர்களைக் கவனித்துக்கொள்ள ருஃபைதா (ரலி) அவர்களின் கூடாரம் பள்ளிவாசலிலேயே இருந்தது. தேவை வந்தபோது அந்தச் சமூகம் எப்படி நடந்துகொண்டது என்பதற்கு இவை சான்று. மேலும், மேமோகிராம் எடுப்பவர் பெரும்பாலும் பெண் பணியாளரே. அல்ட்ராசவுண்டுக்கு நேரம் குறிக்கும்போதே, "பெண் மருத்துவர் எந்த நாளில் இருக்கிறார்?" என்று கேட்டால் போதும். இந்த ஒரு கேள்வியைக் கேட்காமல் இரண்டு ஆண்டுகளைக் கடத்துவதற்குப் பெயர் ஹயா அன்று. இத்தாவில் இருக்கும் பெண்ணும் மருத்துவத் தேவைக்காக வெளியே செல்லலாம். நான்கு மாதம் பத்து நாள் முடியட்டும் என்று கட்டியைக் காத்திருக்க வைக்கச் சொல்பவர்கள், தங்கள் ஊர் ஆலிமிடம் ஒரு முறையேனும் கேட்டுப் பார்த்தார்களா?

"எல்லாம் அல்லாஹ்வின் நாட்டம்" என்பது நான்காவது. ஆம், எல்லாம் அவன் நாட்டமே. கொள்ளைநோய் பரவியிருந்த சிரியாவுக்குள் நுழையாமல் உமர் (ரலி) அவர்கள் படையோடு திரும்ப முடிவெடுத்தபோது, அல்லாஹ்வின் விதியிலிருந்தா வெருண்டோடுகிறீர்கள் என்று அபூஉபைதா (ரலி) அவர்கள் கேட்டார்கள். ஒரு பள்ளத்தாக்கின் செழித்த சரிவில் ஒட்டகத்தை மேய்த்தாலும், வறண்ட சரிவில் மேய்த்தாலும் இரண்டுமே விதியின்படிதான் என்ற கருத்தில் உமர் (ரலி) அவர்கள் விடையளித்தார்கள். மருத்துவரிடம் செல்வதும் விதிதான். துஆவும் ஓதிப் பார்த்தலும் சிகிச்சையோடு சேர்ந்து நடக்கட்டும். அவற்றைச் சிகிச்சைக்குப் பதிலாக நிறுத்துபவர், தவக்குலின் பெயரால் தம் சோம்பலுக்கும் அச்சத்துக்கும் போர்வை தேடுகிறார்.

"ஊசி குத்தினால் பரவிவிடும்" என்பது ஐந்தாவது. மரத்துப்போகும் ஊசி போட்டு, தடித்த ஊசியால் கட்டியிலிருந்து சிறு துணுக்குகளை எடுப்பதே இந்தப் பரிசோதனை. பெரும்பாலும் அன்றே வீடு திரும்பிவிடலாம். இப்படித் திசு எடுப்பதால் நோய் பரவி உயிருக்கு ஊறு விளைந்ததற்குச் சான்றில்லை. உண்மையான கேடு வேறிடத்தில் உள்ளது. ஊசிக்கு அஞ்சி, "கட்டியை அப்படியே வெட்டி எடுத்துவிடுங்கள் டாக்டர்" என்று அருகிலுள்ள சிறு மருத்துவமனையில் அவசரமாக அறுவை செய்துகொள்கிறார்கள். பின்னர் அது புற்றுநோய் என்று தெரியவந்தால், விளிம்பு பாராமல் வெட்டிய இடத்தை மீண்டும் திறக்க நேர்கிறது. முன்னதாகவே திசுப் பரிசோதனை செய்திருந்தால், எந்த வகைப் புற்றுநோய், ஹார்மோன் மருந்துக்கு அது கட்டுப்படுமா, அறுவைக்கு முன் மருந்து கொடுத்துக் கட்டியைச் சுருக்கலாமா, மார்பகத்தைக் காப்பாற்ற முடியுமா என்றெல்லாம் முன்கூட்டியே திட்டமிட்டிருக்கலாம்.

"எல்லாம் மருத்துவமனைகளின் வியாபாரம்" என்பது ஆறாவது. இதில் ஓரளவு நியாயம் உண்டு என்பதை மறுக்க மாட்டேன். அறிகுறியே இல்லாத பெண்களுக்கு எந்த வயதிலிருந்து, எத்தனை ஆண்டுக்கு ஒருமுறை மேமோகிராம் எடுப்பது என்பதில் மருத்துவ உலகிலேயே கருத்து வேறுபாடுகள் உள்ளன. தேவையற்ற அச்சமும், தேவையற்ற சிகிச்சையும் சிலருக்கு நேரவே செய்கின்றன. ஆனால் மும்பையில் டாட்டா நினைவு மருத்துவமனை 1998இல் தொடங்கி இருபது ஆண்டுகள் நடத்திய ஆய்வைப் பாருங்கள். ஏறத்தாழ ஒன்றரை லட்சம் பெண்கள் அதில் இடம்பெற்றனர். அவர்களில் ஒரு பாதியினரைப் பயிற்சி பெற்ற பெண் சுகாதாரப் பணியாளர்கள் இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை கையால் மட்டுமே பரிசோதித்தார்கள். மேமோகிராம் இயந்திரம் பயன்படுத்தப்படவில்லை. அந்தப் பெண்களிடம் நோய் முன்கூட்டிய நிலையிலேயே கண்டறியப்பட்டது. ஒட்டுமொத்தமாக இறப்பு குறைந்தது என்று உறுதியாகச் சொல்லும் அளவுக்கு வேறுபாடு இல்லை. ஆனால் 50 வயதைக் கடந்தவர்களிடையே இறப்பு ஏறத்தாழ 30 விழுக்காடு குறைந்தது. இதில் எந்த வியாபாரமும் இல்லை. 30 வயதைக் கடந்த பெண்களுக்குக் கையால் செய்யும் இந்தப் பரிசோதனை அரசின் தேசியத் திட்டத்திலேயே இருக்கிறது. தனியார் மையத்தின் அறிக்கையில் ஐயம் இருந்தால், அதை எடுத்துக்கொண்டு அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கோ, மருத்துவர் முத்துலட்சுமி ரெட்டியின் முயற்சியால் 1954இல் தொடங்கப்பட்ட அடையாறு புற்றுநோய் நிலையத்துக்கோ சென்று இரண்டாவது கருத்தைக் கேளுங்கள். இலங்கையில் வாழும் நம் சொந்தங்களுக்கு மகரகமவில் அபேக்ஷா மருத்துவமனை இருக்கிறது. வியாபாரம் என்று ஐயுறுபவர் வேறு மருத்துவரைத் தேடிப் போக வேண்டும். அறிக்கையைப் பீரோவில் பூட்டுவது வியாபாரத்துக்கு எதிரான போராட்டம் ஆகாது.

சட்டமும் அவர் பக்கமே

இதை நம் மார்க்கம் மட்டும் சொல்லவில்லை. வயதுவந்த, சுயநினைவுள்ள ஒரு பெண்ணின் உடலில் செய்யும் சிகிச்சைக்கு அவருடைய ஒப்புதலே தேவை. அவசர உயிராபத்து இல்லாதபோது அவருடைய தாய் தந்த ஒப்புதலும் செல்லாது என்று 2008ஆம் ஆண்டில் இந்திய உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நோயாளி தம் மருத்துவ ஆவணங்களைக் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் தர வேண்டும் என்று 2002ஆம் ஆண்டின் மருத்துவ நெறிமுறை விதிகள் கூறுகின்றன. அமெரிக்காவில் 1998ஆம் ஆண்டுச் சட்டத் திருத்தத்துக்குப் பின், மேமோகிராம் எடுத்த ஒவ்வொரு பெண்ணுக்கும் எளிய மொழியில் எழுதிய முடிவை 30 நாள்களுக்குள் நேரடியாக அனுப்புவது மையங்களின் கடமை. கணவருக்கும் மகனுக்கும் அன்று, அந்தப் பெண்ணுக்கு. மார்பக அடர்த்தியையும் அவருக்கே தெரிவிக்க வேண்டும் என்பது 2024 செப்டம்பர் முதல் அங்கு நாடு தழுவிய விதி. நம் ஊர்களிலோ அறிக்கையில் பெரும்பாலும் ஒரு வரிகூடத் தமிழில் இருப்பதில்லை. ஆங்கிலம் அறியாத பெண்ணுக்கு முடிவைத் தமிழில் எழுதித் தாருங்கள், அல்லது எதிரில் உட்கார வைத்து விளக்குங்கள் என்று ஸ்கேன் மையங்களிடம் கேட்க நாம் ஏன் தயங்க வேண்டும்?

செய்ய வேண்டியவை

ஆண்களே, மருத்துவரின் அறைக்குள் உங்கள் மனைவியையோ தாயையோ வெளியில் உட்கார வைத்துவிட்டு நீங்கள் மட்டும் செல்லாதீர்கள். உடன் செல்லுங்கள், கையைப் பிடித்துக்கொள்ளுங்கள், கேள்விகளை அவரே கேட்கட்டும். அவருடைய அனுமதியின்றி அறிக்கையை எவருக்கும் அனுப்பாதீர்கள். வாட்ஸ்அப் குழுமத்தில் பெயரோடு போட்டு துஆக் கேட்பதும் அவர் விரும்பினால் மட்டுமே.

சகோதரிகளே, நான்கு கேள்விகளைக் கேட்காமல் அறையை விட்டு எழுந்திருக்காதீர்கள். என் பைராட்ஸ் எண் என்ன? அடுத்த பரிசோதனை எது, எந்த நாளில்? திசு எடுக்க வேண்டுமா, வேண்டாம் என்றால் ஏன்? என் மார்பகம் அடர்த்தி மிக்கதா? பழைய படங்களையும் குறுந்தகடுகளையும் தூக்கி எறியாதீர்கள். அடுத்த முறை ஒப்பிட்டுப் பார்க்க அவை விலைமதிப்பற்றவை. முழு விவரத்தையும் கேட்கும் மனநிலை இன்று இல்லை எனில், "எனக்குப் பதிலாக இன்னாரிடம் சொல்லுங்கள்" என்று சொல்லும் உரிமையும் உங்களுக்கு உண்டு. அதைத் தேர்ந்தெடுப்பவர் நீங்களாக இருக்க வேண்டும் என்பதே இங்கு முக்கியம்.

ஜமாஅத் பொறுப்பாளர்களுக்கும் உலமாப் பெருமக்களுக்கும் ஒரு வேண்டுகோள். பெண்கள் மதரஸாவில் ஆண்டுக்கு ஒருமுறையேனும் பெண் மருத்துவர் ஒருவரை அழைத்துப் பேசச் செய்யுங்கள். அறிக்கை கைக்கு வந்தும் மறுபரிசோதனைக்குச் செல்ல வழியில்லாத பெண்களுக்குப் பைத்துல்மாலிலிருந்து பயணச் செலவு கொடுங்கள். நோயை மறைத்து மணமுடிப்பதும், நோயுற்ற தாயின் மகளை ஒதுக்குவதும் தவறு என்று மிம்பரில் நின்று சொல்லுங்கள். உங்கள் குரலுக்குச் செவிசாய்க்கும் வாப்பாக்களும் கணவர்களும் எங்கள் எழுத்துக்குச் செவிசாய்க்க மாட்டார்கள்.

இவ்வரிகளைப் படிக்கும்போதே உங்கள் வீட்டு அலமாரியில் அப்படியோர் அறிக்கை இருப்பது நினைவுக்கு வந்தால், இன்று இஷாவுக்கு முன் அதை அவரிடம் கொடுத்துவிடுங்கள். நாளைக் காலை மருத்துவரிடம் நேரம் கேளுங்கள்.

வல்ல அல்லாஹ் நம் பெண்களுக்குப் பூரண ஷிஃபாவையும், நமக்கு அமானிதத்தைப் பேணும் நேர்மையையும் தந்தருள்வானாக! ஆமீன்.

வஸ்ஸலாம்.